சூப்பிரண்டு போட்ட கல்பெஞ்சு

எங்கள் ஊரில் ஆரோக்கியசெல்வம் வீடு எது என்று கேட்டால் யாருக்கும் தெரியாது. சூப்பிரண்டு வீடு என்றால் கூடவே வந்து கதவைத் தட்டிவிட்டுப் போவார்கள். பெரியகுளத்தில் ஓர் அரசு அலுவலகத்தில் முப்பத்து நான்கு வருடம் வேலை பார்த்தேன். அதில் கடைசி மூன்று வருடம்தான் கண்காணிப்பாளர். அந்த மூன்று வருடத்தை வைத்துத்தான் மிச்ச ஆயுளை ஓட்டிக்கொண்டிருக்கிறேன். மற்றவர்கள் எழுதிய கோப்பில் பிழை கண்டுபிடிப்பதுதான் என் வேலை. ஒரு புள்ளி தவறிய தாள்கூட என் மேசையைத் தாண்டிப் போனதில்லை. அப்படிப்பட்ட மகாராசன் தன் சொந்தக் காரியத்தில் என்ன கிழித்தான் என்பதைத்தான் இப்போது சொல்லப் போகிறேன்.

ஊர் ஜெயமங்கலத்துக்குப் பக்கம். எங்கள் தெருவின் கிழக்கு முனையில் பஞ்சாயத்து போட்டுக் கொடுத்த சிமெண்டுக் களம் ஒன்று இருக்கிறது. பகலெல்லாம் அதில் நெல்லோ மக்காச்சோளமோ காயும். சாயங்காலம் ஐந்து மணிக்கு அதைக் கூட்டிக் குவித்துத் தார்ப்பாய் போட்டு மூடிவிட்டால், வெயில் குடித்த தரை இளஞ்சூடாக இருக்கும். அப்போது தெருவே வந்து அதில் உட்கார்ந்துவிடும். பெண்கள் நடுவில், ஆண்கள் ஓரத்தில், பிள்ளைகள் சைக்கிளோடு எல்லோர் காலுக்கும் இடையில். சர்ச்சில் பூசைக்குப் போகிறவர்கள் ஒரு பக்கம், கோயிலுக்குப் போகிறவர்கள் ஒரு பக்கம் என்று அங்கே கிடையாது. இதெல்லாம் நான் தாண்டிப் போகும்போது பார்த்தும் கேட்டும் தெரிந்துகொண்டது. அப்போதெல்லாம் நான் அங்கே போய் உட்கார்ந்ததே இல்லை.

ஏன் உட்காரவில்லை என்றால், தெருவில் முதன்முதலாக அரசு வேலைக்குப் போனவன் நான். தரையில் உட்கார்ந்தால் பேண்ட் கசங்கும் என்று ஆரம்பித்தது. பிறகு கௌரவம் கசங்கும் என்று ஆனது. சொல்லும்போது எனக்கே வெட்கமாக இருக்கிறது. ஆனால் அந்தக் காலத்தில் அதை நான் ஒரு கொள்கையாகவே வைத்திருந்தேன்.

என் மனைவி பிலோமினாவுக்கு அந்த மாதிரிக் கொள்கை எதுவும் இல்லை. கல்யாணமாகி வந்த மறு மாதத்திலிருந்து முப்பத்தொரு வருடம், மழை நாள் தவிர ஒரு நாள் விடாமல் களத்துக்குப் போனாள். நான் வேலை முடிந்து பஸ்ஸை விட்டு இறங்கி, களத்தைத் தாண்டித்தான் வீட்டுக்கு வர வேண்டும். நான் தாண்டிய கொஞ்ச நேரத்தில் அவளும் எழுந்து பின்னாலேயே வந்துவிடுவாள்.

"என்ன, இன்னைக்கு மாநாட்டுல என்ன தீர்மானம் போட்டீக?" என்று கேட்பேன்.

"ஒண்ணுமில்ல. சும்மா பேசிக்கிட்டிருந்தோம்" என்று அடுப்படிக்குப் போய்விடுவாள்.

என்னைப் பற்றித்தான் பேசியிருப்பார்கள் என்று எனக்கு ஒரு நிச்சயம். குழம்பில் உப்புக் கூடினால் குறிப்பாணை கொடுக்கிற மாதிரி பேசுகிற ஆள் வீட்டில் இருந்தால், யார்தான் பேச மாட்டார்கள்? என்ன பேசினாள் என்று கேட்டுத் தெரிந்துகொள்ள ஆசைதான். கேட்டால் கௌரவம் என்னாவது என்று கேட்காமலே இருந்துவிட்டேன்.

போன வருடத்துக்கு முந்தின வருடம், தவக்காலத்தில், பிலோமினா போய்விட்டாள். மாரடைப்பு. மகள் ஜெசிந்தா கோயம்புத்தூரிலிருந்து வந்து பத்து நாள் இருந்துவிட்டு, "எங்க கூட வந்துருங்கப்பா" என்று கூப்பிட்டாள். நான் போகவில்லை. பகல் பொழுது எப்படியோ ஓடிவிட்டது. சாயங்காலம்தான் ஓடவில்லை. ஐந்து மணிக்குக் களத்திலிருந்து பேச்சுச் சத்தம் வீடுவரை வரும். வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருப்பேன். நானும் அங்கே போய் உட்கார வேண்டும், அவள் உட்கார்ந்திருந்த கூட்டத்தில் எனக்கும் ஓர் இடம் வேண்டும் என்றிருந்தது. கூடவே, முப்பத்தொரு வருடம் என்னைப் பற்றி என்னதான் சொன்னாள் என்பதும் தெரிய வேண்டும். இத்தனை வயதுக்கு மேல் எனக்கு இருந்த ஒரே ஆசை இதுதான்.

அதற்கும் ஒரு தடை வந்தது. தரையில் உட்காரலாம் என்று கௌரவம் சம்மதித்த நேரத்தில் மூட்டு சம்மதிக்கவில்லை. ஆபரேஷன் செய்த டாக்டர், கீழே உட்காரவே கூடாது என்று சொல்லிவிட்டார். சரி என்று வீட்டிலிருந்து ஒரு பிளாஸ்டிக் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு போய்க் களத்து நடுவில் போட்டு உட்கார்ந்தேன். பேச்சு அப்படியே நின்றுவிட்டது. பக்கத்து வீட்டு முத்துப்பேச்சி, பிலோமினாவை மதினி என்றும் என்னை அண்ணே என்றும் கூப்பிடுகிறவள், மெதுவாகக் கேட்டாள்.

"என்னண்ணே, எதுவும் கணக்கெடுக்க வந்திருக்கீகளா?"

"இல்ல ஆத்தா, சும்மாதான்."

சும்மா வந்திருக்கிறேன் என்பதை யாரும் நம்பவில்லை. ஆண்கள் மடித்துக் கட்டிய கைலியை இறக்கிவிட்டுக்கொண்டார்கள். பால்வாடி டீச்சர் சுகிர்தம் ரீல்ஸ் பார்த்துக்கொண்டிருந்த போனை முந்தானைக்குள் வைத்துக்கொண்டாள். தரையில் இருபது பேர் உட்கார்ந்திருக்கும் இடத்தில் ஒருவன் மட்டும் நாற்காலியில் உட்கார்ந்தால், அவன் தலைமை தாங்க வேண்டும், இல்லாவிட்டால் தீர்ப்புச் சொல்ல வேண்டும். எனக்கு அந்த இரண்டும்தான் நன்றாக வரும் என்பது அவர்களுக்கும் தெரியும். மூன்றாம் நாள் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டேன்.

அன்றைக்கு ராத்திரிச் சாப்பாட்டுக்கு முன்னால் அந்த யோசனை உதித்தது. களத்தின் ஓரத்தில் பிலோமினா நினைவாக ஒரு கல்பெஞ்சு போட்டால் என்ன? நான்கு பேர் உட்காருகிற பெஞ்சில் நானும் ஒருவனாக உட்காரலாம். தலைமையும் கிடையாது, தீர்ப்பும் கிடையாது. என் மூளையை நானே மெச்சிக்கொண்டேன். பஞ்சாயத்துக்கு மூன்று பக்க விண்ணப்பம், வரைபடம் இணைப்பு ஒன்று, தெரு மக்கள் கையெழுத்து இணைப்பு இரண்டு. பஞ்சாயத்துத் தலைவர் அதை வாங்கிப் புரட்டிப் பார்த்துவிட்டு, "வழியில பாத்தப்ப ஒரு வார்த்த சொல்லிருந்தாப் போதுமே சார்" என்றார்.

கல்லுக்கு நான் போனது மச்சினன் வின்சென்டிடம். பிலோமினாவின் தம்பி. தேனியில் கிரானைட் கடை வைத்திருக்கிறான். அடுப்படி மேடைக்குக் கல் அறுத்துக் கொடுப்பான் என்றாலும், அவன் கடைக்குப் பேர் வாங்கிக் கொடுத்தது கல்லறைக் கல்தான். கம்பத்திலிருந்துகூட வந்து சொல்லிவிட்டுப் போவார்கள். அவன் அக்காவின் கல்லறைக்கும் அவன்தான் கல் வெட்டினான்.

"மச்சான், எழுத்துக்கு நீங்க மண்டையப் போட்டு ஒடைக்க வேணாம். அக்காவுக்கு வெட்டுனது கம்ப்யூட்டர்ல அப்படியே இருக்கு. அளவ மட்டும் மாத்திக்கிறலாம்" என்றான்.

நல்லதாகப் போயிற்று என்றேன். மாதிரியை போனில் அனுப்பினான். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒரு மணி நேரம் பார்த்தேன். மேலே சிலுவை. அதன் கீழ் அவள் பெயர். தோற்றம் ஒரு பக்கம், மறைவு ஒரு பக்கம். அடியில், அன்பில் மறவாத கணவர், மகள், மருமகன், பேரன். அளவை மாற்றியதில் மறைவுத் தேதியில் ஒரு புள்ளி விடுபட்டிருந்தது. அதைக் கண்டுபிடித்துத் திருத்தச் சொன்னபோது எனக்குப் பழைய உத்தியோகமே திரும்பி வந்த மாதிரி இருந்தது. 'சரிபார்க்கப்பட்டது. வெட்டலாம்' என்று பதில் போட்டேன். புள்ளியைப் பார்த்தவன் கல்லைப் பார்க்கவில்லை.

அக்டோபர் கடைசி ஞாயிறு. பூசை முடிந்ததும் ஃபாதர் தெருச்சனத்தோடு களத்துக்கு வந்தார். இரண்டு செங்கல் திண்டுகளின் மேல், கன்னங்கரேலென்று ஆறடி நீளக் கல். உட்காருகிற பரப்பில், பொன் நிறத்தில் சிலுவையும் பெயரும் தேதிகளும். ஃபாதர் ஜெபப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு கல்லைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், பிறகு பக்கத்தைப் புரட்டி இறந்தவர்களுக்கான ஜெபத்தை வாசித்துத் தீர்த்தம் தெளித்தார். கூட்டமும் அதற்கு உண்டான பதிலைச் சொன்னது. இரண்டு பெண்கள் அழுதார்கள். நான் ஒருவன்தான் அதைத் திறப்பு விழா என்று நினைத்து, எல்லோருக்கும் லட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தேன்.

திங்கட்கிழமை சாயங்காலம் சலவைச் சட்டை போட்டுக்கொண்டு போனேன். பெஞ்சு காலியாக இருந்தது. கூட்டம் எதிர் மூலையில் நெருக்கி உட்கார்ந்திருந்தது. பெஞ்சைக் கடந்து போன பிள்ளைகள் செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு போனார்கள். புதன்கிழமை யாரோ ஒரு முழம் கனகாம்பரம் வைத்திருந்தார்கள். அடுத்த வாரம் கல்லறைத் திருநாள். எல்லோரும் கல்லறைத் தோட்டத்துக்குப் போய்த் திரும்புகிற வழியில், மிச்சமிருந்த மெழுகுவர்த்திகளைப் பெஞ்சில் ஏற்றிவிட்டுப் போய்விட்டார்கள். மறுநாள் பிளேடு வைத்து மெழுகைச் சுரண்டிக்கொண்டிருந்தேன். உர மூட்டை ஏற்றி வந்த வெளியூர் டிரைவர் வண்டியை நிறுத்திவிட்டு இறங்கி வந்தார்.

"யாருங்கய்யா, ஊருக்குள்ளயே அடக்கம் பண்ணிருக்கு? பெரிய ஆளா?"

"என் வீட்டுக்காரி" என்றேன். அவர் கல்லைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டுப் போனார். அடக்கம் பண்ணியது இங்கே இல்லை என்று சொல்ல வாய் வரவில்லை. சொன்னால் பிறகு இது என்ன என்று கேட்பாரே.

இதோடு நின்றிருந்தால் எனக்கு மட்டும்தான் கேவலம். ஆனால் டிசம்பரில் எங்கள் தெருத் தங்கபாண்டி அறுத்த மக்காச்சோளத்தைக் களத்துக்குக் கொண்டுவராமல் ரோட்டோரத்தில் கொட்டிக் காயப்போட்டுக்கொண்டிருந்தான்.

"ஏலே தங்கபாண்டி, களம் காலியாத்தானே கெடக்கு?" என்றேன்.

அவன் என் முகத்தைப் பார்க்கவில்லை. "இல்ல மாமா, இங்கன வெயில் கொஞ்சம் நல்லா அடிக்கிது."

"ரோட்டுக்கு ஒரு சூரியன், களத்துக்கு ஒரு சூரியனாடா?"

"தப்பா நெனைக்காதீக மாமா. அத்தை மேல எனக்கு உசிரு. ஆனா கல்லற ஓரத்துல தானியத்தக் காயப் போட வீட்டுல மனசு கேக்கல."

தானியம் வராத களத்தில், குவித்துவிட்டு உட்கார என்று யாருக்கும் காரணம் இல்லாமல் போயிற்று. ரேஷன் கடைப் படியில் மூன்று பேர், டீக்கடையில் நான்கு பேர் என்று கூட்டம் சிதறியது. மற்றவர்கள் வீட்டுக்குள் சீரியல் பார்க்கப் போய்விட்டார்கள். பொங்கல் வரும்போது சாயங்காலக் களத்தில் என்னையும் இரண்டு நாய்களையும் தவிர யாரும் இல்லை. நாய்களும் பெஞ்சுப் பக்கம் வருவதில்லை. பிலோமினா முப்பத்தொரு வருடம் உட்கார்ந்திருந்த கூட்டத்தை அவள் பெயரை வைத்தே நான் மூன்று மாதத்தில் கலைத்துவிட்டேன். அவள் இருந்திருந்தால் திட்டியிருக்க மாட்டாள். 'ஏன் இப்படிப் பண்ணி வச்சிருக்கீக' என்கிற மாதிரி ஒரு பார்வை பார்த்துவிட்டு அடுப்படிக்குப் போயிருப்பாள்.

பொங்கல் கழிந்த நான்காம் நாள், கடமலைக்குண்டில் கட்டிக்கொடுத்த தங்கச்சி வீட்டிலிருந்து முத்துப்பேச்சிக்கு ஒரு மூட்டை மொச்சைக் காய் வந்தது. அதைத் தலையில் வைத்துக்கொண்டு களத்து வழியாகப் போனவள், பெஞ்சுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்த என்னைப் பார்த்துவிட்டு மூட்டையைக் கீழே இறக்கினாள்.

"அண்ணே, கோவிச்சுக்கிற மாட்டீகன்னா ஒண்ணு கேக்கவா?"

"கேளு ஆத்தா."

"தெனமும் வந்து இதப் பிடிச்சுக்கிட்டு நிக்கிறீக. முட்டி வலியோட நிக்கிறீக. ஏன் ஒக்கார மாட்டேங்கிறீக?"

கல் குளிர்கிறது என்றேன். நேற்று வெயிலில் சுடுகிறது என்று சொன்னதை ஞாபகப்படுத்தினாள். அதற்கு மேல் பொய் வரவில்லை.

"அவ பேரு மேல எப்படி ஆத்தா ஒக்கார்றது? என்னால முடியல."

"அப்ப எங்களால மட்டும் முடியுமாக்கும். மதினி எங்களுக்கு ஒண்ணுமில்லாதவகளா?"

ஓங்கி அறைந்த மாதிரி இருந்தது. நான் ஒருவனே அவளை இழந்தவன் என்கிற நினைப்பில், பெஞ்சு போட்டு எல்லோரையும் உபசரித்துக்கொண்டிருந்திருக்கிறேன். இந்தத் தெருவில் இருபது பேருக்கு அவள் போனது போனதாகத்தான் இருந்திருக்கிறது. கையெழுத்து வாங்கியதைத் தவிர ஒருவரிடமாவது நான் ஒரு வார்த்தை கேட்டேனா? வாய்விட்டு அழுதுவிட்டேன். முத்துப்பேச்சி தேற்றவெல்லாம் இல்லை. நான் முடிக்கும்வரை நின்றாள். பிறகு, "வின்சென்டுக்குப் போனப் போடுங்க" என்றாள்.

மறுநாள் சாயங்காலம் வின்சென்ட் வந்தான். பெயர் உள்ள கல்லை நிமிர்த்திச் சாய்மானமாக வைத்துவிட்டு, உட்கார வேறு கல் போடலாம் என்றான்.

"நிமுத்தி வேற வைக்கணுமா? இப்பப் படுத்திருக்குது. நிமுத்துனா முழுக் கல்லறையாயிரும்" என்றாள் முத்துப்பேச்சி. "பேசாமக் கல்லத் திருப்பிப் போடுங்க. எழுத்து கீழ போகட்டும்."

வின்சென்டின் முகம் மாறிவிட்டது. அவன் கையால் வெட்டிய பெயர். "அக்கா பேரக் கவுத்துப் போடுறதா? எனக்கு மனசு வரல மச்சான்" என்றான். எனக்கும்தான் வரவில்லை. இருவரும் ஆளுக்கொரு பக்கம் கல்லைப் பிடித்துக்கொண்டு நின்றோம்.

"அவுக பேரு கல்லறைத் தோட்டத்துல இருக்குல்ல. கும்பிடணும்னா அங்கன போய்க் கும்பிட்டுக்கிறலாம்" என்றாள் முத்துப்பேச்சி. "இங்கன மதினி கும்பிடுறதுக்கா வந்தாக? ஒக்காரத்தானே வந்தாக."

வின்சென்ட் கல்லிலிருந்து கையை எடுத்தான். பிறகு, வேடிக்கை பார்க்க வந்து நின்ற தங்கபாண்டியைப் பார்த்து, "கடப்பாரை இருக்கா?" என்று கேட்டான்.

தங்கபாண்டி கொண்டுவந்தான். டீக்கடையில் இருந்த நான்கு பேரையும் கூப்பிட்டான். திண்டிலிருந்து கல்லை நெம்பி, ஆறு பேர் பிடித்துப் புரட்டினார்கள். நான் பக்கத்தில் நின்று, பாத்து பாத்து என்று உத்தரவு போட்டுக்கொண்டிருந்தேன். ஒருவரும் காதில் வாங்கவில்லை. கல்லின் அடிப்பக்கம் மெருகேற்றாமல் சொரசொரப்பாக, சாம்பல் நிறத்தில் இருந்தது. பெஞ்சு என்றால் அது பெஞ்சு.

சத்தம் கேட்டு வீட்டிலிருந்த பெண்களும் வந்துவிட்டார்கள். ஆனாலும் யாரும் உட்காரவில்லை, சுற்றி நின்றார்கள். முத்துப்பேச்சி போய் மொச்சை மூட்டையைத் தூக்கி வந்து பெஞ்சின் ஒரு பாதியில் கொட்டினாள். மறு பாதியைக் காட்டி, "ஒக்காருங்க" என்றாள். உட்கார்ந்தேன். ஒன்றும் ஆகவில்லை. அவள் என் காலடியில் தரையில் உட்கார்ந்தாள். அதைப் பார்த்து சுகிர்தம் உட்கார்ந்தாள், பிறகு ஒவ்வொருவராக எல்லோரும். ஆளுக்கு ஒரு கைப்பிடி காய் எடுத்து உரிக்க ஆரம்பித்தார்கள்.

பெஞ்சில் நான் மட்டும்தான். கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பேச்சு கிளம்பாமல் திணறியது.

"அண்ணே, கையக் கட்டிக்கிட்டு ஒக்காந்தா இன்ஸ்பெக்சனுக்கு வந்த மாதிரில்ல இருக்கு" என்று முத்துப்பேச்சி என் மடியில் ஒரு அள்ளு காயைப் போட்டாள். "களத்துல வெறுங்கையா யாரு ஒக்காருவா?"

இந்த விஷயம் எனக்கு அறுபத்து மூன்றாவது வயதில் தெரிய வருகிறது. உரித்தேன். அவர்கள் பத்து உரிக்கிற நேரத்தில் நான் ஒன்று. என் விரலில் நகம் எந்தப் பக்கம் இருக்கிறது என்பதே எனக்குத் தெரியவில்லை என்று தங்கபாண்டி சொன்னான். எல்லோரும் சிரித்தார்கள். என்னை வைத்து என் எதிரிலேயே சிரித்தார்கள். எனக்குக் கோபம் வரவில்லை. அந்தத் தைரியத்தில், முப்பத்தொரு வருடமாக அடக்கி வைத்திருந்ததைக் கேட்டுவிட்டேன்.

"ஏன் ஆத்தா, பிலோமினா இங்கன என்னப் பத்தி என்ன சொல்லுவா?"

முத்துப்பேச்சி யோசித்தாள். "உங்களப் பத்தியா? ஒண்ணும் பேசுனதில்லையேண்ணே."

"ஒரு நாள்கூடவா?"

"வீட்ட மறந்து ஒக்காரத்தானே இங்கன வர்றது. இங்கனயும் வந்து வீட்டுக் கதையா?"

போயிற்று. முப்பத்தொரு வருட மாநாட்டில் என் பெயர் ஒரு தடவைகூட அடிபடவில்லை. தீர்மானம் இல்லாவிட்டாலும் குறைந்தபட்சம் கண்டனமாவது இருக்கும் என்று நினைத்திருந்தேன். தலையைக் குனிந்து மொச்சையைப் பார்த்துக்கொண்டேன். அப்போது சுகிர்தம் வாயைப் பொத்திக்கொண்டு, "பேசத்தான் இல்ல" என்றாள். பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"என்ன? சொல்லுங்க" என்றேன்.

"அக்கா நல்லா நடிச்சுக் காட்டுவாக சார்" என்றாள் சுகிர்தம். "ஃபாதர் மாதிரி, கண்டக்டர் மாதிரி. உங்க மாதிரி."

பிலோமினா நடிப்பாள் என்பதே எனக்குச் செய்தி. செய்து காட்டச் சொன்னேன். யாரும் அசையவில்லை. கடைசியில் முத்துப்பேச்சிதான் மடியில் இருந்த காயை உதறிவிட்டு எழுந்தாள். இல்லாத குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டாள். நெஞ்சை முன்னே தள்ளி, கழுத்தைக் கொஞ்சம் மேலே தூக்கி, ரோட்டோரமாக நடந்து வந்தாள். நான்தான். அச்சு அசல் நானே நடந்து வந்துகொண்டிருந்தேன். களமே சிரித்தது. எனக்கும் அடக்க முடியவில்லை. என்னை எந்த அளவுக்குப் பார்த்து வைத்திருந்தால் பிலோமினா இதையெல்லாம் பிடித்திருப்பாள் என்று தோன்றியது.

களத்துக்கு நேராக வந்ததும் முத்துப்பேச்சியின் நடை தளர்ந்தது. கழுத்து அப்படியே இருக்க, கண் மட்டும் ஓரமாக ஒருமுறை கூட்டத்துப் பக்கம் வந்து, யாரையோ தேடி, கண்டுகொண்டு, சட்டென்று ரோட்டுக்குத் திரும்பியது.

நான் சிரிப்பதை நிறுத்திவிட்டேன். தினமும் அப்படித்தான் பார்ப்பேன். அவள் இருக்கிறாளா என்று ஒரே ஒரு பார்வை. அது யாருக்கும் தெரியாது என்றுதான் இத்தனை நாளும் நினைத்திருந்தேன்.

"இந்த எடத்துக்கு நீங்க வந்ததும் மதினி சிரிச்சுக்கிட்டே எந்திரிச்சிருவாக" என்றாள் முத்துப்பேச்சி. "'தேடிட்டாக, நான் போறேன்'னு சொல்லிட்டுத்தான் கெளம்புவாக. தெனமும்."

மொச்சைத் தோல் என் மடியெல்லாம் கிடந்தது. முத்துப்பேச்சி பழையபடி கீழே உட்காரப் போனாள்.

"ஆத்தா, இன்னொரு தடவ நடந்து காட்டு" என்றேன்.